அப்பா வாயில் வந்த புகை

பனிமலையில் நின்று கதாநாயகன் வசனம் பேசும்போது அவர் வாயிலிருந்து ஆவி வருமே, அதைப் போடுவது என் வேலை. அவர் நின்றதென்னவோ சென்னையில், வியர்வையை ஒற்றிக்கொண்டே. கணினியில் அவருடைய ஒவ்வொரு மூச்சுக்கும் ஆவி சேர்க்கும்போது எனக்கு எங்கள் ஊர் முத்தியால்பேட்டையும் என் காதுகுத்தும் ஞாபகம் வந்துவிடும்.

அப்பா பிரான்சில், ராணுவத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக, இருந்தார். காதுகுத்துக்குக் கட்டாயம் வருகிறேன் என்றவருக்குக் கடைசியில் லீவு கிடைக்கவில்லை. வெறும் வாயை மெல்லும் சொந்தக்காரர்களுக்கு அவல் கிடைத்தது. "பொண்ணு நாளைக்கு வீடியோவப் பார்த்தா அப்பன் இல்லாம இருக்குமேடா" என்று அம்மா தன் தம்பியிடம் சொல்லி அழுதாள்.

கல்யாண வீடியோக்களுக்கு மிக்ஸிங் செய்கிறவர் என் மாமா. "நீ ஏங்க்கா அழுவுற? மச்சான மேடையில நிக்க வெக்கிறது என் பொறுப்பு" என்று மார்தட்டினார்.

அன்றைக்கு நான் மாமா மடியில். கேமரா அவருடைய நண்பர் கையில். அம்மாவுக்குப் பக்கத்தில் ஓர் ஆள் நிற்கும் அளவுக்கு இடம் விட்டிருந்தார்கள். ஆசாரி என் காதில் குத்துகிற நேரத்தில்கூட மாமாவின் கண் அங்கேதான். "அது மச்சான் எடம், தள்ளு தள்ளு!" எனக்கோ வலியில் உயிர் போகிறது.

மாமா சொன்னபடியே அப்பா வெளியில், நல்ல வெளிச்சத்தில், பின்னால் நீலத் துணி கட்டித் தன்னைப் படம் பிடித்து அனுப்பினார். வேட்டி சட்டையில் நின்று அட்சதை தூவுவது போலக் கையை வீசியிருந்தார். மாமா அவரை வெட்டியெடுத்து அம்மா பக்கத்தில் ஒட்டினார்.

சொந்தமெல்லாம் டிவி முன்னால் கூடியது. பங்குனிப் புழுக்கம். திரையில் அப்பா வந்து நின்றதும் பேச்சு நின்றது. எனக்கு வாய் சும்மா இருக்குமா?

"ஐய, அப்பா வாயில பொகை வருது!"

கூடமே சிரித்தது. "பீடி குடிச்சிக்கினே ஆசீர்வாதமா!" என்றார் பெரியப்பா. அங்கே குளிர் எப்படியிருக்கும் என்பதை மாமா யோசிக்கவேயில்லை. பாவம், முகம் சுண்டிப்போயிற்று. "அழிச்சிட்றேங்க்கா, ரெண்டு நாள் வேலைதான்."

அம்மா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"வேணான்டா. இருக்கட்டும்."

பிறகு எழுந்து போய் ஃபேனை நிறுத்தினாள். "வேவுதும்மா, போடேன்" என்று பெரியப்பா முனகினார். அவள் காதில் விழுந்ததாகத் தெரியவில்லை.

புகையைக் கண்டுபிடித்த கெட்டிக்காரியான எனக்கு, அந்த மனிதர் அந்தக் குளிரில் வெறும் வேட்டி சட்டையோடு நின்றது கண்ணில் படவில்லை. படம் முடியும்வரை ஃபேனைப் போடாத அம்மா மேல் அன்று முழுக்கக் கோபமாக இருந்தேன்.