பெர்னடெட் அக்காவின் இரண்டு டெக்குகள்

ஒரு வீடியோ டெக்கில் படத்தை ஓடவிட்டு, மாதாவின் அருள்நிறை மந்திரத்தில் சரியாகப் பாதி சொல்லி, மற்ற டெக்கின் பதிவுப் பொத்தானை அமத்துவார் பெர்னடெட். பதிகிற டெக் கிழடு. அமத்திய பிறகும் சற்று யோசித்துத்தான் வேலையைத் தொடங்கும்; அந்தத் தாமதத்துக்கு மந்திரம்தான் கணக்கு. "மணிக்கூடு பிழை விடும், மாதா பிழை விடமாட்டா" என்பது அக்காவின் கட்சி. ஒருநாள் அவசரத்தில் மந்திரத்தை விழுங்கிவிட்டார். கேக் வெட்டுமுன் மாப்பிள்ளை மூக்கைத் துடைத்ததும் படத்தில் ஏறிக் கனடா வரை போய்ச் சேர்ந்தது.

கொழும்பில் பிலிம் வெட்டி ஒட்டப் பழகியவர். எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தில் கப்பலேறிக் காங்கேசன்துறையில் இறங்கியபோது கையில் மிஞ்சியது ஒரு கத்தரிக்கோல். பிறகு வீடியோ வந்தது, அதற்கும் வேலை போயிற்று. ஆனால் அக்கா சளைக்கவில்லை. கலியாணம், கூத்து, குறும்படம், அகதிமுகாம் பற்றிய ஆவணப்படம் என்று அடுத்த பத்து வருடத்தில் அவர் கை படாதது இல்லை. கரவெட்டியில் கிணறுகளைப் பற்றிப் படமெடுத்த வாத்தியாரைப் பார்த்து, "உந்தக் கிணத்தை எவ்வளவு நேரம் பாக்கிறது? தண்ணி அள்ளுற மனிசியைக் காட்டும்" என்றார். வாத்தியார் கோபித்துக்கொண்டு போய், மூன்றாம் நாள் அந்த மனிசியைப் படமெடுத்துக்கொண்டு வந்தார். "செத்தவீட்டு வீடியோவை வெட்டத் தெரிஞ்சால் எந்தப் படத்தையும் வெட்டலாம்" என்று அக்கா அடிக்கடி சொல்வார். விளையாட்டுக்குச் சொல்கிறார் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள்.

தொண்ணூற்றுமூன்றில் ஒரு காலை, குருநகர் லூர்த்தம்மா, கொய்யாத்தோட்டத்தில் அக்கா படம் வெட்டும் அறைக்கு வந்தார். புருஷனை அடக்கம் செய்து ஐந்து நாள். மகன் சூசைதாசன் பாரிஸில், விசா இல்லாமல். செத்தவீட்டு வீடியோக் கசற்றை, மறுநாள் கிளாலிக் கடலேரியைத் தாண்டிக் கொழும்புக்குப் போகிறவரிடம் கொடுத்துவிட வேண்டும்.

"பிள்ளை, நான் அழுததை வெட்டிவிடு. 'அப்பருக்கு மண் போட வரேல்லையே, நீயும் ஒரு பிள்ளையோ' எண்டு கத்திப்போட்டன். உதைக் கேட்டால் அவன் எல்லாத்தையும் விட்டிட்டு இஞ்சை வெளிக்கிட்டிடுவான். வழியிலை பிடிபட்டால் என்ன செய்யிறது?"

"ஓம் மாமி" என்று சொல்லிவிட்டார் அக்கா. படத்தை ஓட்டிப் பார்த்தால், லூர்த்தம்மா வருகிற இடமெல்லாம் அந்தப் பேச்சுத்தான். சத்தத்தை எடுத்துவிட்டுப் பாட்டுப் போடலாம். பெற்ற தாயின் வாயசைவு மகனுக்குத் தெரியாதா? அவரை முழுதாக வெட்டினால், அம்மாவுக்கும் ஏதோ நடந்துவிட்டது என்று பதறி அதற்காகவே புறப்படுவான். ஜெனரேற்றரில் மண்ணெண்ணெய் இரண்டு மணித்தியாலத்துக்குத்தான் இருந்தது.

அக்கா கசற்றைக் கடைசிவரை ஓடவிட்டார். அடக்கம் முடிந்து வீட்டுக்கு வந்தபின், கமராக்காரன் பிலிப்பு கமராவை நிறுத்த மறந்து கதிரையில் வைத்திருக்கிறான். பாதி சுவர், பாதி லூர்த்தம்மா. வீங்கிய கண்ணோடு யாரிடமோ கேட்கிறார்: "கமராக்காரத் தம்பி சாப்பிட்டவரோ? அவருக்கு ஒரு தேத்தண்ணி குடுங்கோ."

பக்கத்தில் நின்ற பிலிப்புக்கு வெட்கம். "அக்கா, அது பிழையா எடுபட்டது. வெட்டுங்கோ."

"நீ சும்மா இரு. இவ்வளவு நாளும் நீ எடுத்ததிலை இதுதான் படம்."

அழுகைகள் எல்லாம் போயின. கோவில், சவக்காலை, ஊர்ச்சனம், கடைசியில் அந்தத் தேத்தண்ணி. லூர்த்தம்மா முந்தானையை வாயில் அழுத்தியபடி பார்த்தார். "ஓம், இது நான்தான். இதைப் பாத்தால் அவன் அங்கையே இருப்பான்" என்றார்.

கசற்றின் முதுகில் ஒரு சின்னப் பிளாஸ்ரிக் துண்டு உண்டு. அதை முறித்துவிட்டால் அதன்மேல் வேறெதுவும் பதிய முடியாது. மகனுக்குப் போகிற கசற்றில் அதை முறித்து, துணியில் சுற்றிக் கொடுத்தார் அக்கா. மிஞ்சியது அழுகை இருந்த மூலக் கசற். ஊரில் கசற்றுக்குப் பெரும் தட்டுப்பாடு; நாளைக்குப் பண்டத்தரிப்பில் ஒரு கலியாணம், அதை இதன்மேல்தான் எடுக்க வேண்டும். பிலிப்பு கையை நீட்டினான். லூர்த்தம்மா படலையைத் தாண்டியதும் அக்கா, கட்டைவிரல் நகத்தை வைத்து அந்தக் கசற்றின் துண்டையும் முறித்தார்.