புதுப் பெட்டிக்குப் பழைய ஸ்டேரிங்

போன வாரம் ஒரு ஜெபக் கூட்டத்தில் தலை குனிந்து நின்றேன். பக்தியால் அல்ல. ஸ்வெட்டர் பாக்கெட்டில் இருந்த பொருளை யாரும் பார்த்துவிடக் கூடாதே என்றுதான்.

என்ன பொருள்? சொல்கிறேன். கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

எங்கள் வீட்டுக்காரர் முப்பத்தோரு வருடம் எஸ்டேட் லாரி ஓட்டியவர். காப்பி மூட்டையோடு மலை இறங்குவார், அரிசி மூட்டையோடு மலை ஏறுவார். இரண்டு வருடத்துக்கு முன்னால் இடது பக்கம் இழுத்துக்கொண்டது. கால் தேறிவிட்டது. கை மட்டும் பாதியில் நின்றது. பிசியோதெரபி செய்கிற பெண், "விரலுக்குத் தினமும் வேலை குடுக்கோணுங்க. விட்டுட்டீங்கன்னா மறுபடியும் மடங்கிக்கும்" என்று சொல்லி, ஒரு ரப்பர் பந்தைக் கொடுத்துவிட்டுப் போனாள்.

ஒரு வாரம் பிசைந்தார். அப்புறம் பந்து கட்டிலுக்கு அடியில் போய்விட்டது. லாரி பிடித்த கைக்குப் பந்து ஒரு வேலையா?

பெங்களூரில் வேலை பார்க்கும் எங்கள் மகள் சுமதி, அவள் வீட்டில் சும்மா கிடந்த வீடியோ கேம் பெட்டியைக் கொண்டு வந்து எங்கள் டி.வி.யில் மாட்டினாள். உள்ளே ஒரு லாரி ஓட்டும் ஆட்டம். இரண்டு கையாலும் பிடித்துக்கொள்ள ஒரு கன்ட்ரோலர் — ஒயர் கிடையாது. இவர் அதை ஸ்டேரிங் என்பார். வலது ஆள்காட்டி விரலில் ஆக்ஸிலேட்டர். இடது ஆள்காட்டி விரலில் பிரேக்.

பிரேக் இடது விரலில்... கவனித்தீர்களா? டாக்டர் சொல்லி அசையாத விரல், லாரி பள்ளத்தில் இறங்கப் போகிறது என்றதும் அசைந்தது.

ஆட்டத்தில் வருவது ஏதோ வெளிநாட்டு ரோடு. அங்கே எல்லாரும் வலது பக்கம் போகிறார்கள். இவர் இடது பக்கம்தான் போவார். "எல்லாவனும் ராங் சைடுல வர்றானுங்க பாரு" என்பார். ஒவ்வொரு வளைவுக்கும் ஹாரன். மலை ஏறி வருகிற வண்டிக்கு, இறங்குகிற வண்டி நின்று வழி விட வேண்டும் என்பது எங்கள் ஏற்காடு ரோட்டின் வழக்கம். அதையும் அங்கே கடைப்பிடித்தார். நடு ரோட்டில் நிறுத்தி வழி விடுவார். பின்னால் வருகிறவன் வந்து மோதுவான். அவனுக்கும் அவன் அப்பனுக்கும் வசவு கிடைக்கும்.

ஒரு வருடம் இப்படி ஓடியது. இடது கையால் காப்பி டம்ளரைப் பிடிக்கிற அளவுக்கு வந்துவிட்டார்.

போன மாதம் சுமதி மறுபடி வந்தாள். இந்தத் தடவை புத்தம் புதுப் பெட்டி, புதுக் கன்ட்ரோலர், புது லாரி ஆட்டம். "பழசை எல்லாம் பரண்ல போட்டு வையிம்மா" என்று சொல்லிவிட்டு மறுநாள் கிளம்பிப் போனாள்.

சரி கண்ணு என்றேன். பரணில் போடவில்லை.

எங்கள் வீடும் பக்கத்து வீடும் முன்னே ஒரே குவார்ட்டர்ஸ். நடுவில் ஒற்றைச் செங்கல்லில் சுவர் வைத்து இரண்டாக்கியது. சுவருக்கு அந்தப் பக்கம் ஸ்டெல்லா. மிஷன் ஸ்கூல் ஹாஸ்டலில் சமையல் பார்த்தவள். மகள் கல்யாண டிஸ்க்கைப் போட்டுப் பார்க்க மெஷின் இல்லை என்று ரொம்ப நாளாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். பழைய பெட்டியில் டிஸ்க் ஓடும். பெட்டி, ஒயர்கள், ஒரு கன்ட்ரோலர் எல்லாவற்றையும் பையில் போட்டுக் கொடுத்துவிட்டேன். இன்னொரு கன்ட்ரோலர் இவர் தலையணைக்கு அடியில் இருந்தது. அதைத் தர மாட்டேன் என்றுவிட்டார்.

சுமதியிடம் இதைச் சொல்லவில்லை. எதிர்த்துப் பேச எனக்கு வராது. சரி என்று சொல்லிவிட்டு வேறு ஒன்றைச் செய்வது மட்டும் நன்றாக வரும்.

இனி வந்தது வினை. புதுக் கன்ட்ரோலரில் ஒரு புதுமை செய்திருக்கிறார்கள். பிரேக்கை அமுக்கினால் அது திருப்பி அமுக்குகிறது — நிஜ லாரியின் பிரேக் மாதிரி விறைப்பாக இருக்க வேண்டுமாம். இவர் விரல் நடுங்கியது. வெள்ளையாகிவிட்டது. லாரி நேராகப் போய் ஏரிக்குள் இறங்கியது.

"கனமா இருக்குது. புடிக்கல" என்று மெதுவாகக் கீழே வைத்தார். விரல் முடியவில்லை என்று சொல்லவில்லை. நானும் பார்த்தேன் என்று சொல்லவில்லை.

பத்து நாள் டி.வி.யில் செய்தி மட்டும் ஓடியது. பதினோராம் நாள் காலையில் டம்ளர் கையிலிருந்து நழுவியது.

சுமதிக்குப் போன் போட்டேன். பழைய ஸ்டேரிங்கைப் புதுப் பெட்டியோடு சேர்த்துவைக்க முடியுமா?

"தாராளமா முடியும்மா. கேபிளைப் போட்டு ரெண்டையும் சேர்த்து மாட்டு. நடுவுல இருக்கிற பட்டனை அமுக்கு. லைட் நிலையா எரிஞ்சா சேந்துடுச்சுன்னு அர்த்தம்."

இவர் தூங்குகிற நேரம் பார்த்து, தலையணைக்கு அடியிலிருந்து எடுத்தேன். நடக்குமா நடக்காதா என்று தெரியாமல் அவருக்கு ஆசை காட்டுவானேன்? மேஜை டிராயரில் கிடந்த போன் ஒயரை மாட்டி, பட்டனை அமுக்கினேன். லைட் மினுக்கியது. பிறகு நிலையாக எரிந்தது. எங்கள் டி.வி. மட்டும் என்னைக் கண்டுகொள்ளவே இல்லை.

"எரியுதாம்மா?"

"எரியுது சாமி."

"அப்ப சேந்துடுச்சும்மா."

யாரோடு சேர்ந்தது? அதை அவளும் கேட்கவில்லை, நானும் யோசிக்கவில்லை. காலையில் ஒரு தடவை, சாயங்காலம் ஒரு தடவை... மூன்று நாள் அமுக்கினேன்.

நாலாம் நாள் மத்தியானம் ஸ்டெல்லா வந்தாள். முகமே சரியில்லை.

"ஏனுங்க்கா, நீங்க குடுத்த பெட்டி தானா முழிச்சுக்குதுங்க. காலைல டீ வெக்கறப்ப ஒருக்கா, பொழுதோட ஒருக்கா. பீப்புன்னு சத்தம் வருது, டி.வி.யும் கூடவே எரியுது. எனக்கு நொம்ப பயமா இருக்குதுங்க. சாயங்காலம் சர்ச்சு உபதேசியாரை வரச் சொல்லியிருக்கறன். நீங்களும் வந்துருங்க."

சாயங்காலம் அவள் கூப்பிட்டபோது நான் மறுபடியும் அந்தப் பட்டனை அமுக்கப் போனேன். உள்ளே இவர் விழித்துக்கொண்ட சத்தம் கேட்டது. கன்ட்ரோலரை ஸ்வெட்டர் பாக்கெட்டில் திணித்துக்கொண்டு ஓடினேன்.

மேஜை மேல் துணி விரித்துப் பெட்டியை வைத்திருந்தார்கள். பக்கத்தில் மெழுகுவர்த்தி. ஆறேழு பேர். உபதேசியார் தீர்த்தம் தெளித்தார்.

"கரண்டு இருக்குதுங்க. கொஞ்சம் தள்ளி நின்னு தெளிங்க" என்றாள் ஸ்டெல்லா.

பாக்கெட் புடைத்துக்கொண்டு தெரிகிறதே என்று அதன் மேல் கையை வைத்து அழுத்தினேன்.

பீப்.

நீல வெளிச்சம். டி.வி. எரிந்தது. யாரோ ஆண்டவரே என்றார்கள். திரை நிறைய இங்கிலீஷ் எழுத்து. நான் அஞ்சாம் வகுப்போடு நின்றவள், எனக்கு அது கோலம் மாதிரி. உபதேசியார் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கிட்டப் போய்ப் படித்தார்.

"'இந்தக் கன்ட்ரோலரை வெச்சிருக்கறது யாரு'ன்னு கேக்குதுங்க."

ஸ்டெல்லாவின் கன்ட்ரோலர் எல்லார் கண் முன்னாலும் மேஜை மேல் அணைந்து கிடந்தது.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. பழைய ஸ்டேரிங் பழைய பெட்டியை மறக்கவில்லை. நான் இந்தப் பக்கம் கூப்பிடக் கூப்பிட, அது சுவரைத் தாண்டிப் போய் அதன் பழைய துணையைத்தான் எழுப்பியிருக்கிறது. பாக்கெட்டுக்குள் லைட் நிலையாக எரிந்துகொண்டிருந்தது. முந்தானையால் மூடினேன்.

"யாரா இருந்தாலும் சரி, இப்பவே வெளிய போ" என்று உபதேசியார் பெட்டியைப் பார்த்து அதட்டினார்.

நான் வெளியே போய்விட்டேன்.

ஒன்று யோசித்தேன். ஒரு மெஷின் இத்தனை பேர் நடுவில் இவ்வளவு நேராகக் கேட்கிறது. நாம் கேட்கிறோமா? நாற்பத்தி நாலு வருடம் ஒரே வீட்டில் இருக்கிறோம் — விரல் வலிக்கிறதா என்று நான் கேட்கவில்லை. வலிக்கிறது என்று அவர் சொல்லவில்லை. கேட்டால் கௌரவம் போய்விடும். சொன்னாலும் போய்விடும். இதற்குப் பெயர் அன்னியோன்னியம் என்று ஊரில் பேசிக்கொள்கிறார்கள்.

அன்று சாயங்காலமே சுமதியிடம் உண்மையைச் சொன்னேன். பரண் இல்லை, பக்கத்து வீடு என்று.  போனைத் தள்ளிப் பிடித்துச் சிரித்தாள் போலிருக்கிறது.

"அது இருக்கட்டும்மா. நீ மாட்டினது எந்த ஒயர்?"

"டிராயர்ல கிடந்த போன் ஒயர்."

"அதுல சில ஒயர் சார்ஜ் மட்டும்தான் ஏத்தும். பெட்டியும் கன்ட்ரோலரும் அது வழியா பேசிக்க முடியாது. பழைய பெட்டியோட வந்த ஒயர்தான் வேணும். அது எங்கே?"

எங்கே இருக்கும்? ஸ்டெல்லா வீட்டுப் பையில். அந்த நேரம் பார்த்துச் சுவர் வழியாக அவள் உபதேசியாரிடம் சொல்வது கேட்கிறது: "நாளைக்குக் காலைல பஸ்ஸுக்குப் போறப்ப பையோட எடுத்துட்டுப் போயிருங்க. சேலத்துல எந்தக் கடையிலயாவது தள்ளி உட்ருங்க. எம்பட ஊட்டுல இருக்க வேண்டாம்."

ஒயரும் அதோடு பஸ் ஏறிவிடும்.

யாராவது வந்தால் கதவுக்குப் பின்னால் நின்று பேசியே காலத்தைத் தள்ளியவள் நான். ஜெபக் கூட்டத்தில் பேயாக நின்றவள் இவள்தான் என்று ஒண்டிக்கடை முக்கு வரைக்கும் பேச்சு வரும். வரட்டும்... வராமலிருந்தால் நல்லது... ஆனால் டம்ளர் விழுந்த சத்தம் காதை விட்டுப் போகவில்லை.

காலையில் ஆறு மணிக்கு ஸ்டெல்லா வீட்டுப் படியில் நின்றேன். பனி. வாசலில் பை கட்டித் தயாராக இருந்தது.

"ஸ்டெல்லா, உன் ஊட்டுல வந்தது பேயில்ல. நாந்தான்."

பாக்கெட்டிலிருந்து எடுத்துக் காட்டினேன். பட்டனை அமுக்கினேன். ஒன்றும் நடக்கவில்லை. பெட்டிதான் பைக்குள் இருக்கிறதே.

"ஏனுங்க்கா, உடம்புக்கு ஏதாச்சும் பண்ணுதுங்களா?" என்றாள்.

நான் பேய்தான் என்று நிரூபிக்க, கட்டிய பையை இரண்டு பேரும் அவிழ்த்துப் பெட்டியை மறுபடி மாட்ட வேண்டியிருந்தது. அமுக்கினேன். பீப். ஸ்டெல்லா ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டாள்.

"அப்ப நேத்து தலையக் குனிஞ்சுட்டு நின்னீங்களே, என்னன்னு ஜெபம் பண்ணுனீங்க?"

"மாட்டிக்கக் கூடாதுன்னு." விரல், டம்ளர், ஒயர் எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன்.

"உபதேசியார் உங்களுக்காக மூணு பாட்டு பாடுனாருங்க. தொண்டை கட்டிக்கிச்சு மனுசனுக்கு." சிரிக்கிறாளா திட்டுகிறாளா என்று தெரியவில்லை. "விரலு முடியலைன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா பெட்டியவே திருப்பிக் குடுத்துருப்பனே. நடுவுல இருக்கறது ஒத்தைக் கல்லுச் செவுருதானுங்களே."

ஒயரை எடுத்துக்கொண்டு அவளும் கூடவே வந்தாள். உபதேசியாருக்கு என்ன சொல்வது என்பதைத் தானே பார்த்துக்கொள்வதாகச் சொன்னாள். எனக்கு அதுதான் பயம்.

இவர் கட்டிலில் உட்கார்ந்து எங்களைப் பார்த்தார். அவருடைய ஸ்டேரிங் என் கையில். "அத எதுக்குப் புள்ள நோண்டற?" என்றார். ஸ்டெல்லா ஒயரை மாட்டினாள். நான் பட்டனை அமுக்கினேன். லைட் எரிந்தது — இந்தத் தடவை எங்கள் டி.வி. எங்களைத் திரும்பிப் பார்த்தது.

அவர் புது லாரி ஆட்டத்தைத் தொட்டார். ஏதோ எழுத்து வந்தது. ஸ்டெல்லா எழுத்துக் கூட்டிப் படித்தாள்.

"இந்த ஆட்டத்துக்கு இந்தக் கன்ட்ரோலர் ஆகாதுன்னு போட்டிருக்குதுங்க."

"சரி, எடுத்து வைங்க" என்றார் இவர், வெகு சாதாரணமாக. அந்தக் குரல் எனக்குத் தெரியும்.

மறுபடி சுமதி. "பழைய கன்ட்ரோலருக்குப் பழைய ஆட்டம்தான்மா. அதையும் உள்ளே ஏத்தி வெச்சிருக்கேன். கீழே தள்ளிப் பாரு."

பார்த்தீர்களா? புது வீட்டில் பழையவர்களுக்கும் இடம் உண்டு. பழைய வேலையை மட்டும் பார்த்துக்கொண்டு ஓரமாக இருந்தால் சரி. மகன் மகள் வீட்டில் போய்த் தங்கியவர்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை.

கீழே இருந்தது அந்தப் பழைய லாரி. ஏறி உட்கார்ந்தார் — அதாவது, கட்டிலில் நிமிர்ந்தார். முதல் வளைவு. ஹாரன். இரண்டாவது வளைவில் இறக்கம். விரல் பிரேக் மேல் இருக்கிறது. அசையவில்லை. இரண்டு வாரம் சும்மா இருந்த விரல். நானும் ஸ்டெல்லாவும் எங்களை அறியாமல் காலைத் தரையில் அழுத்திக்கொண்டிருந்தோம்.

அசைந்தது. லாரி முன் சக்கரம் ஓரத்துக் கல்லைத் தொட்டுக்கொண்டு நின்றது.

"அண்ணே, எதுக்க ஒருத்தன் ஏறி வர்றான் பாருங்க. வழி உடுங்க" என்றாள் ஸ்டெல்லா.

"எனக்குத் தெரியாதா?" என்றார் இவர்.

சாயங்காலம் சுமதி விசாரித்தாள். புதுக் கன்ட்ரோலரின் விறைப்பு, விரல், ஏரி எல்லாவற்றையும் சொன்னேன். "ஐயோ அம்மா, அந்த விறைப்பை செட்டிங்ஸ்ல ஆஃப் பண்ணிடலாமே. ரெண்டு நிமிஷ வேலை. அப்பா ஏன் சொல்லலை?" என்றாள்.

"நீயே அவர்கிட்டச் சொல்லிடு கண்ணு" என்றேன். "நீ சொல்லும்மா" என்றாள்.

நான் இன்னும் சொல்லவில்லை. இங்கே எழுதிவிட்டேன். பதினோரு வருடமாக நான் எழுதிவரும் இந்தப் பத்திரிகைப் பக்கத்தைப் படிக்காத ஒரே ஆள் அவர்தான்.