தையல் தாங்கும் சிரிப்பு

சத்திரம் பேருந்து நிலையத்தில் ஏறி என் பக்கத்தில் உட்கார்ந்தவருக்கு அடர்ந்த மீசை, பரீட்சை மேற்பார்வைக்கு வந்தவர் போன்ற முகம். கைப்பேசியில் பழைய ஊமைப்படம் ஒன்றை ஓடவிட்டார். ஏணி சுமந்தவன் திரும்பும்போதெல்லாம் போலீஸ்காரர் தலையில் அடி விழுந்தது. நான் குலுங்கிச் சிரித்தேன். அவரோ படத்தை விட்டுவிட்டு என்னையே பார்த்தார். பிறகு அதை அழித்துவிட்டு அடுத்ததைப் போட்டார். அதற்கும் சிரித்தேன். அதையும் அழித்தார்.

“ஏன் சார் அழிக்கிறீங்க?”

“வீட்டம்மாவுக்கு வயித்துல ஆபரேஷன். பலமா சிரிச்சா தையல் பிரிஞ்சிடும்னு டாக்டர் சொல்லிட்டாரு. அவங்களுக்கு இந்த மாதிரிப் படம் இல்லாம பொழுது போகாது. லேசா சிரிக்கிற மாதிரி ஒண்ணு தேடுறேங்க. எனக்குச் சிரிப்பே வராது, அதான் உங்க மூஞ்சியப் பாக்குறேன்.”

பொறுப்பு வந்துவிட்டது. அடுத்த படத்துக்கு உதட்டைக் கடித்துக்கொண்டேன். சிரிப்பு மூக்கு வழியாக வெடித்தது.

“நீங்க எல்லாத்துக்கும் சிரிக்கிறீங்க சார். உங்கள நம்பி ஒண்ணும் காட்ட முடியாது” என்றார்.

ஸ்ரீரங்கத்தில் இறங்கும்போது படி தவறி, முழங்கால் சிராய்க்க, பையோடு சாலையில் உட்கார்ந்தேன். பஸ்ஸே சிரித்தது. அவர் மட்டும் சன்னல் வழியே எட்டிப் பார்த்து, கவலையோடு சொன்னார்: “நல்லவேளைங்க, வீட்டம்மா இதப் பாக்கல.”

முழங்கால் ஆறிவிட்டது. அந்தப் பாராட்டை மட்டும் இன்னும் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிகிறேன்.