பதினான்கில் வெட்டுப்பட்ட குதிரை

மெஷின் அக்கா தன் வாழ்நாளில் ஒரு ஆட்டம்கூட செஸ் ஆடியதில்லை. ஆனால் அந்தச் செஸ் கழகத்தில் யார் எந்த வருஷம் எந்தக் காயைத் தப்பான கட்டத்தில் வைத்துக் கோட்டைவிட்டார் என்பதை அவளிடம்தான் கேட்க வேண்டும். கழகம் மாதம் ஒருமுறை செய்தி மடல் வெளியிடும். அதற்கு ஸ்டென்சில் தாளில் தட்டச்சு செய்து, உருளை இயந்திரத்தில் ஏற்றிச் சுற்றிப் பிரதி எடுத்து, அறுபது ஊர்க் கழகங்களுக்குத் தபாலில் சேர்ப்பது அவள் வேலை. பத்தொன்பது வருஷமாக அதே நாற்காலி, அதே மெஷின், அதே மூக்கு நுனிக் கோபம்.

ஆடுகிறவர்கள் ஒவ்வொரு நகர்த்தலையும் சீட்டில் எழுதியாக வேண்டும். எழுதும் முறை எளிது. பலகையின் அகலத்தில் ஏ முதல் எச் வரை எட்டு எழுத்து, உயரத்தில் ஒன்று முதல் எட்டு வரை எண். எந்தக் காய், எந்தக் கட்டம், அவ்வளவுதான். முறை எளிதாக இருந்து என்ன, எழுதுகிற கை மனிதர்களுடையது ஆயிற்றே! சிலர் எழுதும் சியும் இயும் இரட்டைப் பிள்ளைகள் மாதிரி இருக்கும். ஒன்று எது, ஏழு எது என்று எழுதியவருக்கே தெரியாது. ஒரு டாக்டர் இருந்தார். அவர் எழுதிய ஆட்டச் சீட்டை மருந்துக்கடையில் நீட்டினால் இருமலுக்கு ஏதாவது கொடுத்து அனுப்பியிருப்பார்கள்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் அக்கா கண்ணில் பட்டதை அப்படியே அடித்தாள். வெளியூர்க் கழகம் ஒன்றிலிருந்து கடிதம் வந்தது: 'உங்கள் மடலில் யானை சிப்பாயின் தலைக்கு மேல் தாண்டிப் போகிறது. உங்கள் ஊரில் யானைகள் பறக்குமா?' அன்றைக்கு வந்த ரோஷத்தில் ஒரு பிளாஸ்டிக் பலகை வாங்கி மெஷினுக்குப் பக்கத்தில் வைத்தாள். அதிலிருந்து எந்த ஆட்டமானாலும் முதலிலிருந்து கடைசிவரை காய் நகர்த்திப் பார்த்த பிறகுதான் அடிப்பாள். சியா இயா என்று சந்தேகம் வந்தால் பலகையே சொல்லிவிடும். ஜெயிப்பது எப்படி என்று அவளுக்குத் தெரியாது. எது நடக்கும், எது நடக்கவே நடக்காது என்பது மட்டும் அத்துப்படி.

அந்த வருஷக் கழகப் போட்டியின் கடைசிச் சுற்றில் தலைவரும் வெல்டரும் மோதினார்கள். தலைவர் நூற்பாலை முதலாளி. கூடத்தின் வாடகை அவருடையது, மின்விசிறி அவருடையது, சுவர்க் கடிகாரமும் அவருடையது. வெல்டர் இரும்புக் கதவு செய்யும் பட்டறையில் வேலை பார்ப்பவன். எவ்வளவு தேய்த்துக் கழுவினாலும் விரல் இடுக்கில் கரி இருக்கும். முப்பத்தோராவது நகர்த்தலில் அவன் தன் ராணியைத் தலைவரின் ராஜாவுக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வைத்து, வெட்டிக்கொள் என்று கொடுத்தான். தலைவருக்கு வேறு வழியில்லை, யானையால் வெட்டினார். அதோடு அவருடைய ராஜா சொந்த ஆட்களுக்கு நடுவிலேயே அசைய இடமில்லாமல் மாட்டிக்கொண்டார். வெல்டரின் குதிரை எஃப் ஏழில் வந்து நின்றது. ஆட்டம் முடிந்தது.

பார்த்தவர்கள் நான்கே பேர். நான்கு பேரும் ஆலையில் சம்பளம் வாங்குகிறவர்கள். ஜெயித்தவரின் சீட்டில் தோற்றவர் கையெழுத்துப் போட வேண்டும் என்பது விதி. கரி விரல் பதிந்த அந்தச் சீட்டில் தலைவர் கையெழுத்துப் போட்டுவிட்டுக் காரில் ஏறிப் போனார்.

மூன்றாம் நாள் காலை கழகச் செயலாளர் அக்காவின் மேசைக்கு வந்தார்.

"அக்கா, கடைசிச் சுற்று ஆட்டத்துக்குப் புதுச் சீட்டு. தலைவரே எழுதிக் குடுத்திருக்கார். பழசை என்கிட்ட குடுத்துடுங்க."

"பழசுக்கு என்ன வந்துச்சு?"

"அவசரத்துல எழுதினது, ஒரே குழப்பம்."

அக்கா பலகையில் காய்களை அடுக்கினாள். தலைவரின் எழுத்து முத்து முத்தாக இருந்தது. இருபத்து நான்காவது நகர்த்தல் வரை இரண்டு சீட்டும் ஒன்றாகவே போயின. அதற்கு மேல் புதுச் சீட்டில் தலைவர் வெளுத்து வாங்கினார். கடைசியில் மட்டும் 'நேரம் முடிந்ததால் தோல்வி' என்று எழுதியிருந்தது. ஜெயிக்க வேண்டிய மனுஷன், பாழாய்ப்போன கடிகாரம் கவிழ்த்துவிட்டது என்று படிக்கிறவர்கள் உச்சுக் கொட்டுவார்கள். இருபத்தேழாவது நகர்த்தலில் அக்காவின் கை நின்றது.

"சார், இங்க குதிரையால சிப்பாயை வெட்டுறதா எழுதியிருக்கார்."

"ஆமா, அதுக்கென்ன?"

"எந்தக் குதிரை? ஒண்ணு இந்த மூலையில நிக்குது, அதால அங்க போக முடியாது. இன்னொண்ணு பதினாலுலயே வெட்டுப்பட்டுச்சு. அதோ, டப்பாவுல கிடக்கு."

செயலாளர் டப்பாவை எட்டிப் பார்த்தார்.

"செத்த குதிரை எழுந்து வந்து வெட்டுச்சுன்னு நான் அடிக்கணுமா?"

"யாரு அக்கா பலகை வெச்சு ஆடிப் பார்க்கப் போறாங்க?"

"நான் பார்க்கறேன் இல்ல?"

"தலைவர் மனசு வெச்சாத்தான் உங்களுக்கு வேலை. அதுக்கு மேல நான் சொல்ல மாட்டேன்."

செயலாளர் கெட்டவர் இல்லை. தலைவர் வீட்டு வாசலில் செருப்போடு முதுகெலும்பையும் கழற்றி வைத்துவிட்டு உள்ளே போவார். திரும்பும்போது செருப்பை மட்டும் மாட்டிக்கொண்டு வந்துவிடுவார். அக்கா பழைய சீட்டை அவரிடம் கொடுக்கவில்லை. கைப்பையில் வைத்து வீட்டுக்கு எடுத்துப் போனாள்.

வீட்டில் நடந்ததைக் கேட்டதும் தங்கை தையல் மெஷினை நிறுத்திவிட்டுப் பிடித்துக்கொண்டாள். "அவன் ஜெயிச்சான், அவர் தோத்தார். நடுவுல நீ எதுக்குக்கா தெருவுக்கு வரணும்? என் தையலை மட்டும் நம்பி வீடு ஓடுமா?"

ஓடாது. அது அக்காவுக்கும் தெரியும். ஐம்பத்திரண்டு வயதில் இன்னொரு மெஷின் முன்னால் யார் உட்கார வைப்பார்கள்? பயத்தோடுதான் சாப்பிட்டாள், பயத்தோடுதான் படுத்தாள். சீட்டைத் திருப்பிக் கொடுக்கலாம் என்று மட்டும் ஒரு தடவைகூடத் தோன்றவில்லை.

மறுநாள் வெல்டரே வந்து நின்றான். "விஷயம் கேள்விப்பட்டேன்க்கா. விட்டுடுங்க. நான் ஜெயிச்சது எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும். அது போதும்."

அக்காவுக்கு அவன் மேல்தான் பற்றிக்கொண்டு வந்தது. "உனக்குப் போதும்னா நீ போய் உன் வேலையைப் பாரு தம்பி. எனக்குப் போதாது. நீ ஆடினது ஒரு சாயங்காலம். நான் பத்தொன்பது வருஷமா உக்காந்திருக்கேன். நடக்காத ஒண்ணை ஒரு வரிகூட அடிச்சதில்ல."

அவன் தயங்கித் தயங்கிக் கேட்டான்: "அந்தக் கடைசிக் குதிரையைப் பலகையில வெச்சுப் பார்த்தீங்களாக்கா?"

"பார்த்தேன். மூணு தடவை."

அவனுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. போகும்போது கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டுப் போனான்.

அன்றைக்கே அக்கா நிஜ ஆட்டத்தை அடித்தாள். உருளையைச் சுற்றி, உறையில் போட்டு, அறுபதையும் தானே தபால் பெட்டியில் போட்டாள். பத்தே நாளில் மூன்று ஊர்களிலிருந்து கடிதம் வந்தது. ராணியைக் கொடுத்துக் குதிரையால் முடித்த அந்த ஆட்டக்காரர் யார் என்று கேட்டிருந்தார்கள். மூன்று கடிதமும் கழகத் தலைவர் பெயருக்கே வந்தன, பாவம்.

தலைவர் வந்தார். உட்காரவில்லை. "அடுத்த மடல்ல பிழை திருத்தம் போடணும். தட்டச்சுப் பிழையால அந்த ஆட்டம் தப்பா வந்துடுச்சுன்னு போடு. இப்பவே, என் கண் முன்னாடி அடி."

மற்றதையெல்லாம் அக்கா பொறுத்திருப்பாள். தட்டச்சுப் பிழை என்ற சொல் சுரீரென்று சுட்டது. பொய்யை எழுதியது அவர், பழி அவள் விரல்களுக்கா? ஒரு ஸ்டென்சில் தாளை எடுத்து மெஷினில் ஏற்றினாள். மளமளவென்று அடித்து, உருவி, ஜன்னல் வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து அவரிடம் நீட்டினாள்.

"படிச்சுப் பாருங்க சார்."

'பிழை திருத்தம்: சென்ற மடல், நான்காம் பக்கம், கடைசிச் சுற்று ஆட்டத்தில் பிழை ஏதும் இல்லை. தோற்றவர் கையெழுத்திட்ட சீட்டு தட்டச்சு செய்தவரிடம் உள்ளது.'

தலைவரின் முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தன. தாளை நான்காகக் கிழித்துத் தரையில் எறிந்தார். "இந்த மாசத்தோட நின்னுக்கோ."

"சரி சார். மாசம் முடிய இன்னும் பதினோரு நாள் இருக்கு."

சொல்லிவிட்டு அக்கா மேசைக்கு அடியிலிருந்து புது ஸ்டென்சில் பெட்டியை இழுத்துப் பிரித்தாள். இன்னொரு ஸ்டென்சிலை மெஷினில் ஏற்றி ஓரம் சரிசெய்தாள்.

"பெட்டியில இன்னும் நாற்பத்தேழு இருக்கு சார். நீங்க கிழிங்க, நான் அடிக்கறேன்."