இருபத்தைந்துக்கு மேலே குளிர்

நாரின் என்ற மலை ஊரில் குளிர்காலம் வந்துவிட்டால் வெளிச்சம்கூடச் சோம்பேறியாகிவிடும். மெல்ல எழுந்து, ஜன்னல் கண்ணாடியில் கொஞ்ச நேரம் ஒட்டிக்கொண்டிருந்துவிட்டுப் போய்விடும். கணக்கு டீச்சர் பூருல்கானும் ஏறக்குறைய அப்படித்தான். சாக்பீஸ் அந்தரத்தில் நிற்க, ஜன்னல் வழியே பாலத்தைப் பார்க்க ஆரம்பித்தால் போதும், ஆள் இந்த உலகத்திலேயே இருக்கமாட்டாள். அந்தப் பாலம்தான் அவளுக்குப் பூஜ்யம். கணவாய்க்கு ஏறும் சாலையில் பிளஸ் எண்களும், ஆற்றோரம் இறங்கும் சாலையில் மைனஸ் எண்களும் பனியில் சத்தமில்லாமல் நடந்துபோகும்.

"டீச்சர் பகல்கனவு காண்றாங்க, பாடம் எங்கே நடத்துறாங்க?" என்று பெற்றோர் முறையிட்டார்கள். தலைமை ஆசிரியை சாபிரா அந்த ஜன்னலுக்குத் திரை தைக்கக் கொடுத்தார். கூடவே ஒரு திறந்த பாடமும் வைத்தார். ஆசிரியர்கள் எல்லோரும் பின்வரிசையில் உட்கார்ந்து பார்ப்பார்கள். சொதப்பினால் ஏழாம் வகுப்பு கைவிட்டுப் போகும், நூலகத்தில் தூசி தட்டவேண்டியதுதான். அந்தப் பிள்ளைகள் என்றால் பூருல்கானுக்கு உயிர்.

பாடமோ அசமன்பாடு, அதாவது பெரிது-சிறிது குறி போடும் கணக்கு. இரண்டு பக்கத்தையும் மைனஸால் பெருக்கினால் குறி ஏன் திரும்பிக்கொள்கிறது என்று பிள்ளைகள் வருஷா வருஷம் கேட்பார்கள். "அது விதி" என்று சொல்லி அவளும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வாள். பாவம், புரியவைக்க அவளுக்கு வார்த்தை கிடைத்ததே இல்லை.

அன்று அவள் அய்பிகே என்ற சிறுமியைக் கரும்பலகைக்கு அழைத்தாள். "வெப்பநிலை x. அது மைனஸ் இருபத்தஞ்சுக்குக் கீழே போனா நமக்கு லீவு. எழுது பார்ப்போம்."

அய்பிகே தயங்காமல் எழுதினாள்: x > 25.

"ஜூலை வெயிலுக்கா லீவு விடுறே?" என்றார் சாபிரா. பின்வரிசை முழுக்கச் சிரிப்பு. அய்பிகேயின் காது சிவந்துவிட்டது.

பூருல்கானின் கை அந்தரத்தில் நின்றது. பார்வை பாலத்துக்குப் போய்விட்டது. சாபிரா பேனாவை மூடினார். போச்சு, அவ்வளவுதான் என்று எல்லோரும் நினைத்தார்கள்.

"அய்பிகே," என்றாள் பூருல்கான், கனவுக்குள்ளிருந்து பேசுவதுபோல. "காலையில அம்மா என்ன சொல்லி எழுப்பினாங்க?"

"இருபத்திரண்டுதான், பள்ளிக்கூடம் உண்டு, எந்திரின்னாங்க, எஜே." எஜே என்றால் அக்கா; அந்த ஊர்ப் பிள்ளைகள் டீச்சரையும் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

"மைனஸ்னு சொல்லலையா?"

"குளிர்காலத்துல மைனஸ்னு யாரு எஜே சொல்றா? இன்னும் நாலு ஏறியிருந்தா தப்பிச்சிருப்போம்!"

"அதான்டி கண்ணு! நீ எழுதினது வெப்பநிலை இல்ல, குளிரு! வெப்பநிலை x-னா, குளிரு மைனஸ் x!" அவள் x > 25-ஐ அழித்துவிட்டு −x > 25 என்று எழுதினாள். "பாலத்துல ரெண்டு பேரு முதுகோடு முதுகு ஒட்டி நிக்கிறாங்க. குளிரு இந்தப் பக்கம் எத்தனை அடி வைக்குதோ, வெப்பநிலை அந்தப் பக்கம் அத்தனை அடி. குளிரு இருபத்தஞ்சைத் தாண்டி மேலே போனா?"

"வெப்பநிலை மைனஸ் இருபத்தஞ்சுக்குக் கீழே போகும்!" என்று அய்பிகே தானே எழுதினாள்: x < −25. எழுதி முடித்துவிட்டு விரலால் அந்தக் குறியைத் தொட்டுப் பார்த்தாள். "அட, திரும்பிக்கிச்சு எஜே!"

யாரும் சிரிக்கவில்லை. பின்வரிசையில் சாபிரா எழுந்து நின்றார்.

"ஏழாம் வகுப்பு உனக்குத்தான், பூருல். தையல்காரி கிட்ட திரை வேண்டாம்னு சொல்லிடுறேன்."

பூருல்கானுக்கு அது காதில் விழவில்லை. அவள் மறுபடி பாலத்துக்குப் போயிருந்தாள். அய்பிகேதான் சட்டைக்கையைப் பிடித்து இழுத்தாள். "எஜே, கேட்டீங்களா? நீங்க எங்களுக்குத்தான்!"