மூன்று தட்டு

பேய், ஆவி என்று யாராவது கதையைத் தொடங்கினால் எழும்பித் தேத்தண்ணி போடப் போகிற ஆள் நான். இருபது வருடம் கமராவுக்குப் பக்கத்தில் நின்றவனுக்கு அதெல்லாம் எப்படிச் செய்கிறார்கள் என்று தெரியும். புகை மெஷின், நீல லைட், ஒரு நூல். ஒரு படத்தில் நானே போர்வைக்குள் படுத்திருந்து ஆவியாக மூச்சு விட்டிருக்கிறேன். ஆகவே இதைக் கேட்டுவிட்டு நீங்கள் சிரித்தால் கோபிக்க மாட்டேன், உங்களுடைய இடத்தில் நானும் சிரித்திருப்பேன். ஆனால் ஒன்று, இது நடந்தது பகல் மூன்று மணிக்கு. இருட்டு இல்லை, நித்திரை வெறி இல்லை, ஒரு துளி தண்ணியும் அடிக்கவில்லை.

என் வேலை என்னவென்று முதலில் சொல்லவேண்டும், ஏனென்றால் சுவிஸில், ஊஸ்டர் என்ற ஊரில் இருக்கிற எங்கள் சனத்துக்கே அது விளங்குவதில்லை. கோயிலில் கண்டால் "தம்பி கலியாண வீடியோ எடுக்கிறவரோ?" என்று கேட்பார்கள். ஓம் என்று சொல்லிவிடுவேன், விளக்கப்போனால் அன்னதானச் சோறு ஆறிவிடும். அந்த நாளில் நான் சினிமாவில் போக்கஸ் பார்க்கிற ஆள். கமராவைத் தோளில் வைத்திருப்பவர் ஒருவர், நடிப்பவரின் கண் தெளிவாகத் தெரிகிறதா என்று சின்னத் திரையில் பார்த்துக்கொண்டே கம்பியில்லாத ஒரு சக்கரத்தைத் திருப்புகிறவன் நான். சரியாகச் செய்தால் ஒருவருக்கும் தெரியாது, பிழைத்தால் எல்லோரும் திரும்பிப் பார்ப்பார்கள். அப்படி ஒரு உத்தியோகம்.

கமரா பிடித்தவர் யென்ஸ். டென்மார்க்காரர். தகப்பன் மீன்பிடிப் படகில் வேலை செய்தவராம். இருபத்திரண்டு வயதில் ஒரு ஆவணப்படத்துக்கு உதவியாளராகக் கிரீன்லாந்து போனவர், திரும்பி வரும்போது ஒளிப்பதிவாளராக வந்தார். கூடப்போன மூத்த கமராக்காரர், பௌல் என்று பெயர், பனிவெடிப்புக்குள் விழுந்து செத்துப்போனார், மிச்சப் படத்தை யென்ஸ் எடுத்து முடித்தார். அந்தப் படத்துக்கு விருது கிடைத்தது. பிறகு சவர்க்கார விளம்பரம், துப்பறியும் தொடர், பெரிய இயக்குநர்களோடு ஐந்தாறு படம், திரைப்பட விழா விழாவாகச் சிவப்புக் கம்பளம். அதுக்குப் பிறகு ஒரு சூரிச் பெண்ணைக் கலியாணம் செய்துகொண்டு இங்கே வந்து கைக்கடிகாரத்துக்கும் சொக்கிலேட்டுக்கும் லைட் பிடித்துக்கொண்டிருந்தார். "விருது வாங்கின கையால சொக்கிலேட்டுக்கு வேர்வை துடைக்கிறன், சிவா" என்று தானே பகிடி விடுவார். நாங்கள் கதைப்பது ஆங்கிலத்தில், நான் என் வாயில் வருகிற தமிழில் சொல்கிறேன்.

எங்கள் வேலையில் ஒரு வழக்கம் இருக்கிறது. கமராவைத் தோளில் வைத்துக்கொண்டு பின்பக்கமாக நடக்கிறவருக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று தெரியாது. அவருடைய கண் வியூபைண்டருக்குள் இருக்கும். அதனால் பக்கவாட்டில் ஒருவர் கூடவே நடந்து, முதுகில் உள்ளங்கையை வைத்துக்கொண்டே போகவேண்டும். அந்தக் கைதான் அவருக்குப் பின்கண். யென்ஸோடு வேலை செய்கிற எங்கள் எல்லோருக்கும் ஒரு கணக்கு: ஒரு தட்டு என்றால் நிலம் மேடு பள்ளம், இரண்டு தட்டு என்றால் என்ன நடந்தாலும் நில். கையை மட்டும் எடுக்கக் கூடாது. அதுதான் சட்டம், வேறு சட்டம் இல்லை.

ஊரி மாநிலத்து மலை ஒன்றில், ஒரு சினிமாப் படத்தின் கடைசி நாள் படப்பிடிப்பு. மத்தியானம் மலை உச்சி உணவகத்தில் வாற்கோதுமை சூப் குடித்துக்கொண்டிருந்தோம், நானும் அவரும் மட்டும். அவர் சூப்பைக் கலக்கிக் கலக்கி வைத்திருந்தாரே தவிரக் குடிக்கவில்லை.

"கணையத்தில புற்றுநோய்" என்றார். "ஆறு மாசம் எண்டு சொல்லுகினம். இதுதான் நான் தோளில வைக்கிற கடைசிக் கமரா. அடுத்த படத்துக்குக் கமரா பிடிக்க உன்ர பேரைத்தான் சொல்லப்போறன்."

கவலை வந்தது, உண்மையாக வந்தது, ஆனால் கவலைக்குள்ளே ஒரு சந்தோஷமும் எட்டிப் பார்த்தது, அதை நினைத்தால் இப்பவும் எனக்கு வெட்கம். இருபது வருடம் மற்றவன் எடுக்கிற படத்துக்குச் சக்கரம் திருப்பினவன் நான், நாற்பத்தொரு வயது, இனி யார் கேட்கப்போகிறார்கள் என்று கைவிட்டிருந்தேன்.

அப்போதுதான் பௌலின் கதையைச் சொன்னார். ஒருவருக்கும் சொல்லாத பக்கத்தை.

"பௌலின்ர முதுகில கை வச்சிருந்தது நான்தான். விரல் விறைச்சுப் போச்சு. வாயில வச்சு ஊதக் கையை எடுத்தன். ரெண்டு மூச்சுத்தான். நிமிந்து பாக்க ஆள் இல்லை." கரண்டியைக் கீழே வைத்தார். "எல்லாருக்கும் என்ன சொன்னனான் தெரியுமோ? பௌல்தான் கையை எடுக்கச் சொன்னவர் எண்டு. அவர் அப்பிடிச் சொல்லவே இல்லை. முப்பது வருஷமா ஒண்டைத்தான் யோசிக்கிறன், சிவா. நான் கை எடுத்தது அந்த மனுசனுக்குத் தெரிஞ்சதோ? என்னில கோவமோ? அது தெரிஞ்சால் காணும், நிம்மதியாப் போவன்."

"செத்த ஆளிட்ட ஆர் போய்க் கேக்கிறது? சூப்பைக் குடியுங்கோ, ஆறுது" என்றேன். அவ்வளவுதான் வந்தது என் வாயில். பாருங்கள் புத்தியை.

வெளியே வந்தபோது மலையை முகில் மூடத் தொடங்கிவிட்டது. இயக்குநர் இன்னும் ஒரு ஷாட் கேட்டார். கணவனைத் தேடிவரும் பெண், பனியில் கமராவை நோக்கி நடந்து வரவேண்டும், யென்ஸ் பின்பக்கமாக நடந்து எடுக்கவேண்டும். வழக்கமாக முதுகில் கை வைக்கிற ஆள் காய்ச்சலில் படுத்துவிட்டான். "ரெண்டையும் நான் பாக்கிறன்" என்று முந்திக்கொண்டு சொன்னது நான்தான், அடுத்த கமராக்காரன் என்ற எடுப்பு. மலை வழிகாட்டி, பெர்க்ஃப்யூரர் என்போம் அவர்களை, பாறை செங்குத்தாய் இறங்குகிற விளிம்புக்குப் பத்து மீட்டர் முன்னால் சிவப்புக் கம்புகள் நட்டிருந்தார். அந்தக் கம்பு வந்தால் நான் இரண்டு தட்டுத் தட்டவேண்டும். அவ்வளவு எளிது.

நடக்கத் தொடங்கினோம். வலது கையில் போக்கஸ் சக்கரம், நெஞ்சில் சின்னத் திரை, இடது கை யென்ஸின் முதுகில். மேலும் வெள்ளை, கீழும் வெள்ளை, வானம் எங்கே முடிகிறது என்று தெரியவில்லை. பாதி வழியில் திரை அணைந்து எரிந்தது. குளிருக்குத் திரையின் பற்றரிக் கேபிள் இளகியிருக்கவேண்டும். படம் மங்கலாகப் போனால் இந்த வேலை செய்கிறவனுக்கு வேறெதுவும் கண்ணில் தெரியாது, அது வியாதி மாதிரி. இடது கையை எடுத்துக் கேபிளை அழுத்தினேன். படம் வந்தது. அந்தப் பெண்ணின் இமையில் பனித்துகள் ஒட்டியிருப்பது தெரிந்தது, அவ்வளவு தெளிவு. நல்லாய்த்தான் இருக்கிறது என்று பார்த்துக்கொண்டே சக்கரத்தைத் திருப்பினேன். கால் நின்றுவிட்டது என்பது எனக்குத் தெரியாது.

நிமிர்ந்தபோது அவர்கள் இருவரும் என்னைக் கடந்து போய்விட்டார்கள். யென்ஸ் பதினைந்து மீட்டருக்கு அப்பால் முகிலுக்குள் பின்பக்கமாக நடந்துகொண்டிருந்தார். சிவப்புக் கம்பு அவருக்கு முன்னால் இருந்தது. அதாவது, அவர் அதைத் தாண்டிவிட்டார்.

வாயைத் திறந்தேன், சத்தம் வரவில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், பயத்தில் அல்ல. கமரா ஓடும்போது வாய் திறக்கக் கூடாது என்பது இருபது வருடப் பழக்கம். ஒரு மனிதன் சாகப்போகிறான், நான் டேக் கெட்டுவிடும் என்று பேசாமல் நிற்கிறேன். வேறு எந்த உத்தியோகத்தில் இப்படி ஒரு மடையன் இருப்பான்?

ஆனால் அவர் நடந்த விதம் இருக்கிறதே, அதை நான் கவனித்தேன். முதுகில் கை இல்லாதவன் பின்னால் நடந்தால் காலைத் தடவித் தடவி வைப்பான். யென்ஸ் அப்படி நடக்கவில்லை. சாய்ந்து, நம்பி, கையுள்ள ஆளைப்போல நடந்தார். பிறகு சட்டென்று நின்றார். கமராவைத் தோளிலிருந்து இறக்கி "கட்" என்றார். அதற்குப் பிறகுதான் என் கால் அசைந்தது, ஓடினேன்.

அவருடைய குதிக்காலுக்குப் பின்னால் ஒரு சாண் பனி. அதற்குப் பின்னால் ஒன்றும் இல்லை. வழிகாட்டி "கொப்ஃபெர்டாமி!" என்று கத்திக்கொண்டு வந்து அவரைப் பிடித்து இழுத்தார், அந்தக் கெட்ட வார்த்தை மட்டும் காதில் இருக்கிறது. முகிலுக்குள் நான் விலகி நின்றதை ஒருவரும் காணவில்லை. அந்தப் பெண் யென்ஸின் கமராவை மட்டுமே பார்த்துக்கொண்டு நடந்தாளாம்.

யென்ஸ் என் பக்கம் திரும்பி, "நல்ல நேரத்தில தட்டினாய்" என்றார்.

அவர் திரும்பி நடந்தபோதுதான் முதுகைப் பார்த்தேன். கறுப்பு ஜக்கெட் முழுக்க மாப்போலப் பனி படிந்திருந்தது. நடுவில் ஒரு உள்ளங்கை. ஐந்து விரலும் விரிந்து, பனி உருகி, ஈரக் கறுப்பாக. வெறுங்கை. நான் போட்டிருந்தது இரண்டு விரல் தடிப்பான கையுறை, காலையிலிருந்து கழற்றவே இல்லை. என் கையைவிட அது ஒன்றரை மடங்கு பெரிது.

நான் என்ன செய்தேன் தெரியுமா? "பனி ஒட்டியிருக்கு" என்று சொல்லி அதைத் துடைத்துவிட்டேன்.

கேபிள் காரில் இறங்கும்போது யென்ஸ் கேட்டார், "சிவா, ஏன் மூண்டுதரம் தட்டினனி? எங்கட கணக்கு ரெண்டெல்லோ?"

"நிச்சயமா நிக்கவேணும் எண்டு ஒண்டு கூடத் தட்டினன்."

அவருடைய முகத்தில் ஏதோ எரிந்துகொண்டிருந்தது, அது அணைந்ததை நான் பார்த்தேன். "கிரீன்லாந்தில எனக்கும் பௌலுக்கும் கணக்கு மூண்டு" என்றார். "அவருக்குப் பிறகு ஒருத்தரோடயும் மூண்டு வச்சதில்லை. சொன்னதும் இல்லை. அதுதான் ஒரு நிமிஷம் நான்..." என்று நிறுத்திவிட்டுச் சிரித்தார். "விடு. வருத்தக்காரனுக்கு விசர் யோசினை."

அப்போது சொல்லியிருக்கலாம். அது என் கை இல்லை என்ற ஒரு வசனம் போதும், முப்பது வருடக் கேள்விக்கு அந்த மனிதனுக்குப் பதில் கிடைத்திருக்கும். ஆனால் அதைச் சொல்வதென்றால் நான் கை எடுத்தேன் என்பதையும் சொல்லவேண்டும். இந்த நாட்டில் படம் எடுக்கிற ஆட்கள் எல்லோரும் ஒரு பஸ்ஸுக்குள் அடங்குவார்கள், ஒரு கிழமையில் எல்லோருக்கும் தெரிந்துவிடும். நான், பாவி, கண்ணாடியால் கீழே பார்த்துக்கொண்டு வந்தேன்.

அவர் சொன்னபடியே அடுத்த படத்தின் தயாரிப்பாளருக்கு என்னைப் பற்றி எழுதிக்கொடுத்தார். "இவன் கையை எடுக்காதவன்" என்று ஒரு வரி இருந்தது. நாலு மாதத்தில் போய்விட்டார். செத்தவீட்டில் அவருடைய மனைவி என்னை ஒரு பக்கம் கூப்பிட்டு, "கடைசி நாட்களில் கட்டில் கம்பியில் மூன்று தரம் தட்டிவிட்டு வாசலையே பார்த்துக்கொண்டிருப்பார், அது என்னவென்று உனக்குத் தெரியுமோ?" என்று கேட்டார். தெரியாது என்றேன்.

இப்போது நான்தான் கமரா பிடிக்கிறேன். வேலை குறைவில்லாமல் வருகிறது. ரேட்டோ என்று ஒரு உதவியாளன், என் வயதுக்காரன், நல்லவன், நான் பின்பக்கமாக நடக்கும்போது என் முதுகில் கை வைப்பான். முதல் நாளே ஏதோ பிழை என்று தெரிந்தது. அவனுடைய கையைத் தவிர வேறு பாரமும் இருந்தது. வெயிலில் வேர்த்து நிற்கும்போதும் அந்த இடம் மட்டும் குளிரும். ஒருதரம் ஒத்திகையில் "ரேட்டோ, கையை எடு" என்றேன். எடுத்தான், இரண்டு கையையும் தூக்கிக் காட்டினான். பாரம் குறையவில்லை.

போன ஆடி மாதம், கிரைஃபன்சே ஏரிக்கரையில் படப்பிடிப்பு முடிந்து வீட்டுக்கு வந்தேன். முப்பத்திரண்டு பாகை வெயில். சேட்டைக் கழற்றிக் கூடையில் போட்டேன். சுகந்தி, என் மனைவி, உடுப்புத் தோய்க்க எடுத்தவள் குசினியிலிருந்து கூப்பிட்டாள்.

"இஞ்சாருங்கோ, ஆர் உங்கட முதுகில ஈரக்கை வச்சது? ஐஸ் மாதிரிக் கிடக்கு."

"ரேட்டோவா இருக்கும்."

"ரேட்டோவுக்கென்ன, ஒரு கை பெரிசு, மற்றது சின்னனோ?" என்று சிரித்துக்கொண்டே சேட்டை விரித்துக் காட்டினாள்.

இரண்டு உள்ளங்கை. இரண்டும் வலது கை. பெரியதை எனக்குத் தெரியும், அதை ஒருதரம் துடைத்தவன் நான். சின்னதையும் தெரியும் என்றுதான் நினைக்கிறேன், அந்தக் கையோடு எத்தனை வருடம் வேலை செய்தேன். சேட்டை வாங்கி மெஷினுக்குள் போட்டேன்.

இப்பவும் ஒவ்வொரு நாளும் அந்த இரண்டு கையையும் முதுகில் வைத்துக்கொண்டுதான் பின்னால் நடக்கிறேன். அவை என்னைத் தள்ளுவதும் இல்லை, பிடிப்பதும் இல்லை, கூடவே வருகின்றன. இதுவரை ஒருதரமும் தட்டியதில்லை. நான் விளிம்புக்கு வருகிற அன்றைக்காவது தட்டுமா என்பதுதான் எனக்குத் தெரியாது.