ஆளில்லாத அறையில் மூச்சு

அவரோடு தொழில் கற்றவர்கள் கல்யாண வீடியோ எடுத்து மாடி வீடே கட்டிவிட்டார்கள். நம் ஒளிப்பதிவாளரோ வீடு இடிபட்டவர்கள், நிலம் பறிபோனவர்கள் என்று கேமராவைச் சுமந்தே தலை நரைத்தார். ஆவணப்படம் சோறு போடாது என்று சொல்லிச் சொல்லி அலுத்துப்போய், மனைவியும் தண்ணீர் தெளித்து விட்டுவிட்டாள்.

பேட்டி முடிந்ததும் கேமராவை அவர் நிறுத்த மாட்டார். எல்லோரையும் வெளியே அனுப்பிவிட்டு, காலி நாற்காலியையும் அறையின் நிசப்தத்தையும் கொஞ்ச நேரம் பதிவு செய்வார். ஒவ்வோர் அறைக்கும் ஒரு நிசப்தம் உண்டு. பேச்சை வெட்டி ஒட்டும்போது இடைவெளியை அதைக்கொண்டுதான் நிரப்ப வேண்டும்.

கடைசிப் படம் கல்நார் என்கிற ஆஸ்பெஸ்டாஸ் கூரைத் தகடு செய்யும் ஆலையைப் பற்றியது. தூசியால் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை என்று நிர்வாகம் சாதித்தது. தகடு அறுக்கும் அறுப்புக் கூடத்து ஆட்களோ பேட்டி கொடுத்த கையோடு ஒவ்வொருவராகப் போய்ச் சேர்ந்தார்கள். விசாரணைக் குழு முன் அவர்களுக்காகப் பேச இந்தப் படம் ஒன்றுதான் மிச்சம்.

படத்தைத் தொகுக்கும் பெண் திடீரென்று ஓட்டத்தை நிறுத்தினாள்.

"சார், இந்த ரூம்ல யாரோ மூச்சு விடறாங்க."

திரையில் செத்துப்போனவரின் காலி நாற்காலி. மூச்சு இழுத்துக்கொண்டு வந்து, முடிவில் மெல்லிய விசிலாகத் தேய்ந்தது. அடுத்துப் பேட்டி எடுத்த வீட்டின் நாற்காலியைப் போட்டாள். அதிலும் அதே மூச்சு. அதற்கடுத்த வீட்டிலும் அதேதான். பேய் என்றால் வாய்விட்டுச் சிரிக்கிற மனிதர் எழுந்து போய் அறை விளக்கைப் போட்டார்.

"ரூம்ல ஆளே கிடையாதும்மா. நான்தானே கதவைச் சாத்தினேன்" என்றார்.

"இப்படியே காட்டினா நாமளே சத்தம் சேர்த்துட்டோம்னு படத்தைத் தள்ளிடுவாங்க. எடுத்துட்டாலோ பேச்சு துண்டு துண்டா நிக்கும்."

மத்தியானச் சாப்பாட்டோடு மனைவி உள்ளே வந்தபோது அது மறுபடி ஓடிக்கொண்டிருந்தது.

"இவர் தூங்கறதையா படம் புடிச்சு வச்சிருக்கீங்க?" என்று சாதாரணமாகக் கேட்டாள்.

"இது காலி ரூம் அக்கா."

"பக்கத்துல படுக்கறவளுக்குத் தெரியாதா? ராத்திரி பூரா இந்த விசில்தான். டாக்டர்கிட்ட போலாம்னா, வெறும் தூசி, சரியாயிடும்னு மழுப்புவார்."

அறுப்புக் கூடத்தில் மாதக்கணக்கில் நின்று படம் எடுத்தவர் அவர். முகமூடி போட்டால் கேமராக் கண்ணாடியில் ஆவி படிகிறது என்று கழற்றி எறிந்திருந்தார். ஆளில்லாத அறை என்று சொன்னவர், கேமராவுக்குப் பின்னால் நின்ற தன்னை ஓர் ஆளாகக் கணக்கில் சேர்த்துக்கொள்ளவே இல்லை. பயம் இப்போதுதான் முழுசாக வந்தது.

"வெட்டாதம்மா" என்றார். "அந்த நாற்காலிக்குக் கீழே என் பேரைப் போடு."

"உங்க பேர் படம் முடியறப்ப வருமே சார்."

"அது வேலை செஞ்சதுக்கு. இது சாட்சிக்கு."

அவள் தலையாட்டிவிட்டு ஓட்டத்தை நிறுத்தினாள். திரை கறுத்தது. மூச்சு மட்டும் இன்னும் கேட்டுக்கொண்டிருந்தது.